இயங்கும் விளையாட்டில் ஒட்டுப் போடுதல்: பெப்இன்எக்ஸ், ஹார்மனி நூலகங்களுக்கு ஒரு கைவழி

வால்ஹைம் விளையாட்டில் உங்கள் பாத்திரம் தூக்கக்கூடிய எடை 300. ஹால்டர் என்னும் வணிகனிடம் 950 நாணயம் கொடுத்து மெகின்ஜோர்ட் என்ற இடைக்கச்சையை வாங்கிக் கட்டிக்கொண்டால் அது 450 ஆகிறது. அதற்கு மேல் ஒரு கல் கூடினாலும் ஓட முடியாது. நடக்க நடக்கத் தெம்பு வடிந்துகொண்டே போகும். விளையாட்டின் மூலக் கோப்புகளில் ஓர் எழுத்தைக்கூட மாற்றாமல், இந்த வரம்போடு 100 சேர்ப்பது எப்படி என்பதைத்தான் இங்கே சொல்லப்போகிறேன். எடுத்துக்காட்டு சிறியதுதான், ஆனால் இயங்குநேர மாடிங்கில், அதாவது ஓடிக்கொண்டிருக்கும் விளையாட்டை நாமே மாற்றியமைப்பதில், இடறக்கூடிய இடங்களில் பெரும்பாலானவை இந்தச் சிறிய வேலைக்குள்ளேயே வந்துவிடுகின்றன.

ஒரு குறிப்பு: கோப்புப் பெயர்களையும் நிரல் சொற்களையும் தமிழ் எழுத்திலேயே தந்திருக்கிறேன். கணினியில் அவற்றை ஆங்கில எழுத்தில்தான் காண்பீர்கள். தட்டச்சு செய்யும்போதும் அப்படியே செய்ய வேண்டும்.

மூலக் கோப்பை ஏன் தொடக்கூடாது

2021 பிப்ரவரி 2 அன்று முன்னணுக்கமாக (முழுமையடையும் முன்பே விற்பனைக்கு) வெளிவந்த வால்ஹைம், யூனிட்டி என்னும் விளையாட்டு இயந்திரத்தில் எழுதப்பட்டது. அதன் விளையாட்டு விதிகள் அனைத்தும் 'வால்ஹைம்_டேட்டா' கோப்புறைக்குள் இருக்கும் 'மேனேஜ்டு' என்ற உட்கோப்புறையில், 'அசெம்பிளி_வால்ஹைம்' என்னும் டிஎல்எல் (நிரல் நூலகக்) கோப்பில் உள்ளன. பெரும்பாலான யூனிட்டி விளையாட்டுகளில் இதே கோப்புக்கு 'அசெம்பிளி-சிஷார்ப்' என்று பெயர் இருக்கும். தொகுத்த நிரலைப் படிக்கத்தக்க வடிவுக்குத் திருப்பும் டீகம்பைலர் ஒன்றில் அந்தக் கோப்பைத் திறந்து, 300 என்பதை 400 ஆக்கிச் சேமித்துவிட்டால் வேலை முடிந்துவிடுமே என்று தோன்றும். முடியும்தான், ஆனால் அடுத்த முறை ஸ்டீம் என்னும் விற்பனைத் தளம் விளையாட்டைப் புதுப்பிக்கும்போது உங்கள் திருத்தம் அழிந்துவிடும். நீங்கள் ஒன்றைத் திருத்தி, நண்பர் வேறொன்றைத் திருத்தியிருந்தால் இரண்டையும் ஒரே கோப்பில் சேர்க்க எளிய வழி கிடையாது. திருத்திய கோப்பைப் பிறருக்குக் கொடுப்பது விளையாட்டை உருவாக்கியவர்களின் படைப்பையே அனுமதியின்றிப் பகிர்வதாகும் என்பது மூன்றாவது சிக்கல். மற்ற இரண்டையும் விட இது பெரியது.

இயங்குநேர மாடிங்கில் வட்டில் உள்ள கோப்பு அப்படியே இருக்கும். விளையாட்டு தொடங்கி, நிரல் நினைவகத்தில் ஏறிய பிறகு, அங்கே மட்டும் திருத்தம் நடக்கும். விளையாட்டை மூடினால் திருத்தமும் போய்விடும். மறுபடி திறந்தால் மறுபடி நடக்கும்.

மூன்று நூலகங்கள்

இந்த வேலையை மூன்று நூலகங்கள் பங்கிட்டுக்கொள்கின்றன. எதற்கு எது பொறுப்பு என்பது தெளிவாக இருந்தால், பின்னால் பிழை வரும்போது எங்கே தேட வேண்டும் என்பதும் தெளிவாகிவிடும்; அதனால் இந்தப் பகுதியைத் தாண்டிப் போக வேண்டாம்.

முதலாவது, யூனிட்டி டோர்ஸ்டாப். கதவு சாத்திக்கொள்ளாமல் இருக்க அடியில் செருகும் கட்டையின் பெயர்தான் இதற்கும். விண்டோஸில் இது 'வின்ஹெச்டிடிபி' என்ற பெயருடைய டிஎல்எல் கோப்பாக வரும். விண்டோஸ் அமைப்புக் கோப்புறையிலும் இதே பெயரில் உண்மையான கோப்பு ஒன்று உண்டு. இணையத் தொடர்புக்காக யூனிட்டி அதைக் கேட்கும். ஒரு நிரல் டிஎல்எல் கோப்பொன்றைக் கேட்டால், சில குறிப்பிட்ட அடிப்படைக் கோப்புகளைத் தவிர மற்றவற்றை விண்டோஸ் முதலில் அந்த நிரல் இருக்கும் கோப்புறையிலேயே தேடுகிறது. ஆகவே விளையாட்டின் இயக்கக் கோப்புக்குப் பக்கத்தில் அதே பெயரில் ஒரு கோப்பை வைத்தால், உண்மையானதற்குப் பதிலாக அது ஏறிக்கொள்கிறது. ஏறியதும் இணையம் தொடர்பான கேள்விகளையெல்லாம் உண்மையான கோப்புக்கே திருப்பி அனுப்பிவிட்டு, தான் மட்டும் மோனோ என்னும் சி ஷார்ப் இயக்கச்சூழல் எப்போது தொடங்குகிறது என்று காத்திருக்கிறது. தொடங்கும் அந்தக் கணத்தில், விளையாட்டின் நிரலுக்கு முன்பாகவே நமது நிரலை உள்ளே விடுகிறது. டோர்ஸ்டாப்பின் வேலை அவ்வளவே. எந்தக் கோப்பை உள்ளே விட வேண்டும் என்பதை 'டோர்ஸ்டாப்_கான்ஃபிக்' என்ற அமைப்புக் கோப்பிலிருந்து அது படித்துக்கொள்ளும்.

இரண்டாவது, பெப்இன்எக்ஸ். டோர்ஸ்டாப் திறந்துவிட்ட வழியில் முதலில் நுழைவது இதன் 'பிரீலோடர்'. அது முன்வேலைகளை முடித்ததும், யூனிட்டி விழித்துக்கொள்ளும் நேரத்தில் 'செயின்லோடர்' என்ற பகுதி எழுந்து, 'பிளகின்ஸ்' கோப்புறையில் இருக்கும் செருகுநிரல்களை ஒவ்வொன்றாகத் தேடி, ஒன்று மற்றொன்றைச் சார்ந்திருந்தால் அந்த வரிசைப்படி ஏற்றுகிறது. பதிவேடு எழுதுவது, அமைப்புக் கோப்பு பராமரிப்பது ஆகியவையும் இதன் பொறுப்பு.

மூன்றாவது, ஹார்மனி. ஆண்ட்ரியாஸ் பார்டெய்க்கே உருவாக்கிய இந்த நூலகம் ரிம்வேர்ல்டு மாட்களின் வழியாகப் பரவலாக அறியப்பட்டது. பெப்இன்எக்ஸோடு வருவது அதன் கிளையான ஹார்மனிஎக்ஸ். உண்மையான அறுவை சிகிச்சை இங்கேதான் நடக்கிறது. நினைவகத்தில் இருக்கும் ஒரு செயற்கூற்றின் (ஃபங்ஷன்) தொடக்கத்தில், வேறோர் இடத்துக்குத் தாவும் கட்டளையை எழுதிவைத்து, அந்த வேறோர் இடத்தில் உங்கள் நிரலையும் மூலச் செயற்கூற்றின் நகலையும் இணைத்துத் தைத்த புதிய செயற்கூற்றை இது உருவாக்குகிறது. அதை அழைக்கும் எவருக்கும் வேறுபாடு தெரியாது. இப்படிச் செய்யும் திருத்தத்தைத்தான் 'ஒட்டு' (பேட்ச்) என்கிறேன்.

நிறுவுதல்

எந்த விளையாட்டானாலும் முதலில் அதன் கோப்புறையைத் திறந்து பாருங்கள். ஸ்டீம் நூலகத்தில் விளையாட்டின் பெயர்மேல் வலச்சொடுக்கி, 'மேனேஜ்' என்பதன் கீழ் 'பிரவுஸ் லோக்கல் ஃபைல்ஸ்' என்பதைத் தேர்ந்தால் கோப்புறை திறக்கும். டேட்டா கோப்புறைக்குள் 'மேனேஜ்டு' இருந்து, அதில் டிஎல்எல் கோப்புகள் நிறைந்திருந்தால் அது மோனோ வகை. இந்தக் கட்டுரை உங்களுக்குப் பொருந்தும். அதற்குப் பதிலாக இயக்கக் கோப்பின் பக்கத்தில் 'கேம்அசெம்பிளி' என்ற பெரிய டிஎல்எல் ஒன்று இருந்தால் அது, சி ஷார்ப் நிரலை சி++ ஆக மாற்றித் தொகுக்கும் ஐஎல்2சிபிபி வகை. அமங் அஸ் அந்த வகைக்கு நன்கறிந்த எடுத்துக்காட்டு. அதற்குப் பெப்இன்எக்ஸின் 6ஆம் பதிப்பு வேண்டும். முதல் முறை திறக்கும்போது இடைக்கோப்புகளை உருவாக்கச் சில நிமிடங்கள் ஆகும். செருகுநிரலை எழுதும் முறையும் சற்று மாறும். மோனோ விளையாட்டுக்கு 5ஆம் பதிப்பின் நிலையான வெளியீடே போதும். புதிய எண் என்பதற்காக 6ஐ எடுத்து வந்து, 5க்கு எழுதிய மாட்கள் ஓடவில்லை என்று குழம்புபவர்கள் பலர்.

அடுத்து, விளையாட்டு 32 பிட்டா 64 பிட்டா என்று பார்க்க வேண்டும். வால்ஹைம் 64 பிட். இதில் பொருத்தம் தவறினால் பெரும்பாலும் எந்தப் பிழைச்செய்தியும் வராது. மாட் போட்டதற்கான அடையாளமே இல்லாமல் விளையாட்டு வழக்கம்போல் ஓடும், அல்லது திறக்கவே திறக்காது.

பெப்இன்எக்ஸின் அதிகாரபூர்வ கிட்ஹப் பக்கத்திலிருந்து ஜிப் கோப்பை இறக்கியவுடன், அதை விரிப்பதற்கு முன்பு, அதன்மேல் வலச்சொடுக்கிப் 'புராப்பர்ட்டீஸ்' பகுதியில் 'அன்பிளாக்' என்ற பெட்டி தெரிந்தால் குறியிட்டுவிடுங்கள். இணையத்திலிருந்து வந்த கோப்பு என்று விண்டோஸ் இடும் முத்திரை, விரித்த பிறகு உள்ளே இருக்கும் ஒவ்வொரு டிஎல்எல்லுக்கும் ஒட்டிக்கொண்டு வரும். அதனால் ஏற்ற மறுக்கும் பிழைகள் நேரலாம்.

பிறகு ஜிப்பில் உள்ளவற்றை இயக்கக் கோப்பு இருக்கும் கோப்புறைக்கே விரியுங்கள். விரித்த பின் இயக்கக் கோப்பு, வின்ஹெச்டிடிபி, டோர்ஸ்டாப்_கான்ஃபிக், பெப்இன்எக்ஸ் கோப்புறை ஆகிய நான்கும் ஒரே மட்டத்தில் தெரிய வேண்டும். விரிக்கும் மென்பொருள் தானாக ஜிப்பின் பெயரில் ஒரு கோப்புறையை உருவாக்கி அதற்குள் எல்லாவற்றையும் போட்டுவிடுவதுதான் இந்தக் கட்டத்தில் நடக்கும் பொதுவான தவறு.

லினக்ஸில் இரண்டு வழிகள் உண்டு. விண்டோஸ் விளையாட்டுகளை லினக்ஸில் ஓட்டும் புரோட்டான் வழியாக விளையாட்டின் விண்டோஸ் பதிப்பை ஓட்டினால், அதற்கு அடிப்படையான வைன் தன்னுடைய வின்ஹெச்டிடிபியை விட்டுவிட்டு நம்முடையதை எடுத்துக்கொள்ளும்படி சொல்ல வேண்டும். அதற்கு ஸ்டீமின் தொடக்க விருப்பங்களில் வைன்டிஎல்எல்ஓவர்ரைட்ஸ் என்ற மாறிக்கு 'வின்ஹெச்டிடிபி சமக்குறி என் காற்புள்ளி பி' என்று மதிப்புக் கொடுத்து, அதன்பின் வழக்கமான கமாண்ட் குறியை இட வேண்டும். லினக்ஸுக்கென்றே வந்த பதிப்பானால், பெப்இன்எக்ஸோடு வரும் ஷெல் ஸ்கிரிப்டில் இயக்கக் கோப்பின் பெயரை எழுதி, அதற்கு இயக்க அனுமதி கொடுத்து, அதன் வழியாக விளையாட்டைத் திறக்க வேண்டும்.

இப்போது விளையாட்டை ஒருமுறை திறந்து, முகப்புப் பட்டியல் வந்ததும் மூடிவிடுங்கள். பெப்இன்எக்ஸ் கோப்புறைக்குள் முன்பு 'கோர்' மட்டும் இருந்த இடத்தில் 'பிளகின்ஸ்', 'பேட்ச்சர்ஸ்', 'கான்ஃபிக்' ஆகிய உட்கோப்புறைகளும் 'லாக்அவுட்புட்' என்ற பதிவேடும் தோன்றியிருக்க வேண்டும். பதிவேடு இல்லையென்றால் டோர்ஸ்டாப் ஏறவே இல்லை என்று பொருள்: கோப்பின் இடம், பிட் எண்ணிக்கை, வைரஸ் தடுப்பு மென்பொருள் அதைத் தூக்கிவிட்டதா என்ற மூன்றை மட்டும் பாருங்கள். பதிவேடு இருந்து உள்ளே பிழை இருந்தால் டோர்ஸ்டாப் தன் வேலையைச் செய்துவிட்டது. சிக்கல் அதற்கு மேலே இருக்கிறது.

கான்ஃபிக் கோப்புறையில் உள்ள பெப்இன்எக்ஸ் அமைப்புக் கோப்பைத் திறந்து, 'லாகிங் கன்சோல்' என்ற பகுதியின் கீழ் 'எனேபிள்டு' என்பதை 'ட்ரூ' என்று மாற்றிவிடுங்கள். இனி விளையாட்டோடு ஒரு கறுப்புச் சாளரமும் திறந்து, நடப்பவற்றை வரிவரியாகக் காட்டும். மாட் எழுதுபவர் இதை அணைத்து வைத்திருப்பதில் அர்த்தமில்லை.

எடை கூட்டும் செருகுநிரல்

சி ஷார்ப் நிரலைத் தொகுக்கும் டாட்நெட் எஸ்டிகே உங்கள் கணினியில் இருக்க வேண்டும். பெப்இன்எக்ஸ் குழு தரும் வார்ப்புருக்களை 'டாட்நெட் நியூ இன்ஸ்டால்' கட்டளையால் நிறுவிக்கொண்டால், 5ஆம் பதிப்புக்கான வெற்றுச் செருகுநிரல் ஒன்றை ஒரே கட்டளையில் உருவாக்கலாம். எந்த டாட்நெட் இலக்கை நோக்கித் தொகுப்பது என்று அது கேட்கும்போது ஊகிக்க வேண்டியதில்லை: மேனேஜ்டு கோப்புறையில் 'நெட்ஸ்டாண்டர்டு' என்ற டிஎல்எல் இருந்தால் நெட்ஸ்டாண்டர்டு 2.0, இல்லையென்றால் 'எம்எஸ்கோர்லிப்' கோப்பின் பதிப்பெண் 4 அல்லது அதற்கு மேல் இருந்தால் நெட் 4.6, 2 என்றிருந்தால் நெட் 3.5.

பிறகு அசெம்பிளி_வால்ஹைம் கோப்பை உங்கள் திட்டத்தில் மேற்கோள் நூலகமாகச் சேருங்கள். சேர்க்கும்போது 'காப்பி லோக்கல்' என்பதை அணைத்துவிட வேண்டும். அணைக்காவிட்டால் தொகுப்பின் முடிவில் உங்கள் செருகுநிரலோடு விளையாட்டின் கோப்பும் வெளியீட்டுக் கோப்புறைக்கு வந்துவிடும். அதை அப்படியே ஜிப் செய்து பகிர்ந்துவிட்டு, பகிரக்கூடாததைப் பகிர்ந்தவராகிவிடுவீர்கள்.

இனி எதைத் திருத்துவது என்று கண்டுபிடிக்க வேண்டும். ஐஎல்ஸ்பை போன்ற டீகம்பைலரில் அசெம்பிளி_வால்ஹைமைத் திறந்து, 'பிளேயர்' என்னும் கிளாஸைத் தேடுங்கள். அதில் 'எம்_மேக்ஸ்கேரிவெயிட்' என்ற மாறிக்கு 300 என்று மதிப்பிடப்பட்டிருக்கும். கீழே 'கெட்மேக்ஸ்கேரிவெயிட்' என்ற சிறிய செயற்கூறு இருக்கும். அது மூன்று வேலைகள் செய்கிறது: அந்த 300ஐ ஒரு தற்காலிக மாறியில் எடுத்துக்கொள்கிறது; பாத்திரத்தின்மேல் இப்போது செயல்படும் விளைவுகளைக் கவனிக்கும் பகுதியிடம் அந்த மாறியைக் கொடுத்து, கூட்ட வேண்டியதைக் கூட்டச் சொல்கிறது; வந்த விடையைத் திருப்பித் தருகிறது. மெகின்ஜோர்ட் கச்சையின் 150 சேர்வது நடுவில் இருக்கும் அந்த வரியில்தான். இந்தச் செயற்கூற்றை மனத்தில் நிறுத்திக்கொள்ளுங்கள்.

செருகுநிரலின் முதன்மைக் கிளாஸ் 'பேஸ்யூனிட்டிபிளகின்' என்பதிலிருந்து பிறக்க வேண்டும். அதன் தலைமேல் 'பெப்இன்பிளகின்' என்ற பண்புக்குறியை இட்டு, அடையாளம், பெயர், பதிப்பு என்று மூன்று மதிப்புகளைத் தர வேண்டும். அடையாளம் உலகில் வேறெவரும் பயன்படுத்தாததாக இருக்க வேண்டும் என்பதால், இணைய முகவரியைத் தலைகீழாக எழுதும் பாணியைப் பெரும்பாலோர் பின்பற்றுகின்றனர். ஒருமுறை வெளியிட்ட பிறகு அதை மாற்றாதீர்கள். அமைப்புக் கோப்பின் பெயரே அதிலிருந்துதான் வருகிறது, மாற்றினால் பயனர்கள் செய்துவைத்த அமைப்புகளெல்லாம் தொலைந்ததுபோல் ஆகிவிடும்.

கிளாஸுக்குள் 'அவேக்' என்ற செயற்கூற்றில் இரண்டு வரிகள் போதும். முதல் வரியில் 'கான்ஃபிக் டாட் பைண்டு' மூலம், கூடுதல் எடை என்ற அமைப்பை 100 என்ற தொடக்க மதிப்போடு உருவாக்கி, ஒரு நிலையான மாறியில் வைத்துக்கொள்ளுங்கள். இரண்டாவது வரியில், உங்கள் அடையாளத்தைக் கொடுத்துப் புதிய ஹார்மனி பொருள் ஒன்றை உருவாக்கி, 'பேட்ச்ஆல்' என்பதை அழையுங்கள். இது உங்கள் டிஎல்எல் முழுவதையும் துழாவி, ஹார்மனி குறியிட்ட கிளாஸ்களையெல்லாம் பொருத்திவிடும்.

மூன்றாவதாக, ஒட்டுக்கென்று தனிக் கிளாஸ். அதன் தலையில் 'ஹார்மனிபேட்ச்' குறியை இட்டு, பிளேயர் கிளாஸையும் கெட்மேக்ஸ்கேரிவெயிட் என்ற பெயரையும் சுட்டுங்கள். உள்ளே 'போஸ்ட்ஃபிக்ஸ்' என்ற பெயரில் ஒரு நிலையான செயற்கூறு. அதற்கு ஒரே ஓர் அளவுரு: முன்னால் 'ரெஃப்' என்ற சொல், பிறகு 'ஃப்ளோட்', பிறகு இரண்டு அடிக்கோடுகளை அடுத்து 'ரிசல்ட்'. செயற்கூற்றின் உடலில் ஒரே வரி: அந்த ரிசல்ட்டோடு அமைப்பில் உள்ள மதிப்பைக் கூட்டு.

ஹார்மனி அளவுருக்களைப் பெயரைக் கொண்டே அடையாளம் காண்கிறது என்பதால் எழுத்துகளில் துல்லியம் வேண்டும். இரண்டு அடிக்கோட்டுடன் 'ரிசல்ட்' என்றால் மூலச் செயற்கூறு திருப்பித் தந்த விடை. இரண்டு அடிக்கோட்டுடன் 'இன்ஸ்டன்ஸ்' என்றால் அந்தச் செயற்கூறு யாருடையதோ அந்தப் பொருள். மூன்று அடிக்கோட்டை அடுத்து ஒரு மாறியின் பெயரை எழுதினால், அது தனிப்பட்டதாகப் பூட்டப்பட்டிருந்தாலும் எடுத்துத் தரும். அடிக்கோடு ஒன்று குறைந்தால், மூலச் செயற்கூற்றில் அந்தப் பெயரில் அளவுருவே இல்லை என்று பதிவேட்டில் சிவப்பாக எழுதிவிட்டு ஒட்டைக் கைவிட்டுவிடும். 'ரெஃப்' விடுபட்டால் நிலைமை இன்னும் மோசம்: பிழையே வராது, கூட்டலும் நடக்கும், ஆனால் கூட்டியது உங்கள் கையிலிருக்கும் நகலில் மட்டும்தான்.

தொகுத்துக் கிடைத்த டிஎல்எல்லை பிளகின்ஸ் கோப்புறையில் வைத்து விளையாட்டைத் திறந்தால், பதிவேட்டில் ஏற்ற வேண்டிய செருகுநிரல்கள் எத்தனை என்று ஒரு வரியும், உங்கள் செருகுநிரலின் பெயரும் பதிப்பும் ஒரு வரியும், கடைசியில் செயின்லோடர் தொடக்கம் முடிந்தது என்ற வரியும் வர வேண்டும். உலகத்துக்குள் நுழைந்து பையைத் திறந்தால் எடையின் வரம்பு 400. கச்சை கட்டியிருந்தால் 550.

முன்னொட்டும் பின்னொட்டும்

அந்த 550 என்ற எண்ணில்தான் இந்தக் கட்டுரையின் சாரமே இருக்கிறது. நான் முதன்முதலில் இதே மாட்டை எழுதியபோது போஸ்ட்ஃபிக்ஸ் என்னும் பின்னொட்டைப் பயன்படுத்தவில்லை. பிரீஃபிக்ஸ் என்னும் முன்னொட்டைப் பயன்படுத்தினேன். முன்னொட்டு, மூலச் செயற்கூறு ஓடுவதற்கு முன்பு ஓடும். அது 'ஃபால்ஸ்' என்று விடை தந்தால் மூலச் செயற்கூறு ஓடவே ஓடாது. விடையை 400 என்று நானே எழுதி, ஃபால்ஸ் என்று திருப்பியனுப்பினேன். ஓடியது, 400 என்று காட்டியது, மகிழ்ந்து நண்பனுக்கும் கொடுத்தேன். இரண்டு நாள் கழித்து அவன் கேட்டான்: "மச்சான், 950 காசு கொடுத்து வாங்குன பெல்ட்டு, கட்டுனாலும் ஒண்ணுதான் கட்டாட்டியும் ஒண்ணுதான்னு இருக்கே, ஏன்?"

காரணம், மேலே மனத்தில் நிறுத்தச் சொன்ன நடுவரி. மூலச் செயற்கூற்றை ஓடவிடாமல் தடுத்ததால், கச்சையின் 150ஐக் கூட்டும் வரியும் ஓடவில்லை. எனக்கு வேண்டாததைத் தடுக்கிறேன் என்று நினைத்து, எனக்குத் தெரியாததையும் சேர்த்துத் தடுத்திருந்தேன். நாளை விளையாட்டை உருவாக்கியவர்கள் எடை கூட்டும் வேறொரு பொருளைச் சேர்த்தால் அதுவும் வேலை செய்யாது. அதே செயற்கூற்றை மூலத்தின் உள்ளே புகுந்து மாற்றும் இன்னொருவரின் மாட்டும் வேலை செய்யாது. அவர்தான் பிழைக்கு ஆளாவார், நானல்ல.

பின்னொட்டோ மூலம் ஓடி முடித்த பிறகு, அது தந்த விடையைக் கையில் வாங்கி, அதன்மேல் தன் பங்கைச் சேர்த்து அனுப்புகிறது. பத்து மாட்கள் பத்துப் பின்னொட்டுகளைப் போட்டாலும் ஒன்றன்பின் ஒன்றாக எல்லாம் ஓடும். ஆகவே பின்னொட்டால் முடியும் வேலையைப் பின்னொட்டால்தான் செய்ய வேண்டும் என்பது என் உறுதியான கருத்து. உள்ளே போகும் மதிப்பை மாற்ற வேண்டுமென்றால் முன்னொட்டை எழுதலாம். ஆனால் அது விடை எதுவும் தராத 'வாய்டு' வகையாக இருக்கட்டும். ஃபால்ஸ் தரும் முன்னொட்டு கடைசி வழி. செயற்கூற்றின் நடுவே ஒரே ஒரு கட்டளையை மட்டும் மாற்ற வேண்டுமென்றால் அதற்கு டிரான்ஸ்பைலர் உண்டு; இடைமொழிக் கட்டளைகளை வரிசையாகப் பெற்று, திருத்தி, திருப்பித் தருவது அது. திறன் மிக்கது, ஆனால் விளையாட்டு புதுப்பிக்கப்படும்போது முதலில் உடைவதும் அதுதான்.

ஒட்டு ஒட்டாதபோது

பதிவேட்டில் எந்தப் பிழையும் இல்லை, செருகுநிரலும் ஏறியிருக்கிறது, ஆனால் விளைவு மட்டும் இல்லை என்றால், பின்னொட்டின் முதல் வரியாகப் பதிவேட்டில் ஒரு சொல்லை எழுதச் செய்து பாருங்கள். அந்தச் சொல் வந்தால் ஒட்டு ஓடுகிறது, கணக்கில்தான் தவறு. வராவிட்டால் நீங்கள் திருத்திய செயற்கூற்றை விளையாட்டு அழைக்கவே இல்லை. அதற்கு இரண்டு காரணங்கள் இருக்கலாம். ஒன்று, அதே பெயரில் வேறு அளவுருக்களோடு இன்னொரு செயற்கூறு இருந்து, விளையாட்டு அதை அழைப்பது. மற்றொன்று இன்லைனிங்: மிகச் சிறிய செயற்கூறுகளை மோனோ தனியாக அழைக்காமல், அழைக்கும் இடத்திலேயே அதன் உடலைப் பதித்துவிடும், அப்படிப் பதிந்துவிட்ட இடத்துக்கு ஒட்டு போய்ச் சேராது. ஒற்றை வரியில் ஒரு மதிப்பைத் திருப்பித் தரும் செயற்கூறுகளில் இதை எதிர்பாருங்கள். அப்போது அதை அழைக்கும் பெரிய செயற்கூற்றைத் திருத்துவதே வழி.

விளையாட்டு புதுப்பிக்கப்பட்ட மறுநாள் வரும் பிழைகள் வேறு வகை. செயற்கூற்றின் பெயரோ அளவுருவோ மாறியிருந்தால் ஹார்மனி அதைக் காண முடியவில்லை என்று எழுதும். 'பேட்ச்ஆல்' பாதியில் நின்றுவிடுவதால், அந்த ஓர் ஒட்டு மட்டுமல்ல, அதற்குப் பின் வர வேண்டியவையும் பொருந்தாமல் போகும். பெரிய மாட்களில் ஒட்டுகளைத் தனித்தனியாகப் பொருத்திப் பிழையைப் பிடித்துக்கொள்வது இதனால்தான்.

ஒவ்வொரு திருத்தத்துக்கும் விளையாட்டை மூடித் திறப்பது அலுப்பூட்டும். பெப்இன்எக்ஸ் குழுவின் பிழைநீக்கக் கருவிகளில் ஸ்கிரிப்ட்எஞ்சின் என்றொன்று உண்டு; டிஎல்எல்லைப் பிளகின்ஸுக்குப் பதிலாக 'ஸ்கிரிப்ட்ஸ்' கோப்புறையில் வைத்து, விளையாட்டுக்குள் எஃப்6 விசையை அழுத்தினால் மீண்டும் ஏற்றிக்கொள்ளும். அப்படிச் செய்யும்போது செருகுநிரலின் 'ஆன்டெஸ்ட்ராய்' பகுதியில் உங்கள் ஒட்டுகளைக் கழற்றும் வரியைக் கட்டாயம் எழுதுங்கள். எழுதாமல் நான்கு முறை எஃப்6 அழுத்தினால் பின்னொட்டு அடுக்கடுக்காகச் சேர்ந்துகொண்டே போய், எடை வரம்பு 700, 800 என்று ஏறும்.

சோதனைக்கு முன்னால் உங்கள் உலகத்தையும் பாத்திரத்தையும் நகலெடுத்துக்கொள்ளுங்கள். ஸ்டீம் மேகத்தில் அல்லாமல் கணினியிலேயே சேமித்தவற்றை வால்ஹைம் ஆப்டேட்டாவின் 'லோக்கல்லோ' கோப்புறைக்குள், அயர்ன்கேட் என்பதன் கீழ் வால்ஹைம் என்ற இடத்தில் வைக்கிறது. எடை மாட் போன்றவை சேமிப்பைத் தொடாது. ஆனால் புதிய பொருள்களைச் சேர்க்கும் மாட் ஒன்றை நீக்கிவிட்டு உலகத்தைத் திறந்தால், அந்தப் பொருள்கள் போனது போனதுதான்.

மாட்களை முழுதாக அகற்ற வேண்டுமென்றால் வின்ஹெச்டிடிபியை நீக்கினாலே போதும். தற்காலிகமாக நிறுத்த, டோர்ஸ்டாப்_கான்ஃபிக்கில் 'எனேபிள்டு' என்பதை 'ஃபால்ஸ்' ஆக்கலாம். ஸ்டீமின் கோப்புச் சரிபார்ப்பு இதைச் செய்யாது. அது தன்னுடைய கோப்புகள் சரியாக இருக்கின்றனவா என்று மட்டும் பார்க்குமே தவிர, நீங்கள் கூடுதலாக வைத்தவற்றை அகற்றாது. சரிபார்த்த பிறகும் பிழை போகவில்லை என்பவர்களின் கோப்புறையில் அந்த ஒரு கோப்பு அப்படியே இருக்கும்.

எங்கே போடக்கூடாது

நினைவகத்தில் புகுந்து செயற்கூற்றை மாற்றுவதைத்தான் ஏமாற்று மென்பொருள்களும் செய்கின்றன. ஈஸி ஆன்டி-சீட், பேட்டில்ஐ போன்ற காவல் மென்பொருள்கள் உள்ள போட்டி விளையாட்டுகளில் உங்கள் நோக்கம் எதுவாக இருந்தாலும் கணக்கு முடக்கப்படக்கூடும்; அங்கே முயலவே வேண்டாம். பிறர் நடத்தும் வால்ஹைம் சர்வரில் சேரும்போது, என்ன மாட் வைத்திருக்கிறீர்கள் என்று நடத்துபவரிடம் சொல்லிவிட்டுச் சேருவதே முறை.

பிறர் எழுதிய டிஎல்எல்லைப் போடும்போது இன்னொன்றையும் நினைவில் வையுங்கள். செருகுநிரலுக்கு வேலி எதுவும் கிடையாது. உங்கள் பயனர் கணக்கால் எதையெல்லாம் படிக்கவும் அழிக்கவும் முடியுமோ, அதையெல்லாம் அந்த டிஎல்எல்லாலும் செய்ய முடியும். 2023 ஜூனில் மைன்கிராஃப்ட் மாட்களின் வழியாகப் பரவிய ஃப்ராக்ச்சரைசர் என்ற தீநிரல், நன்கறியப்பட்ட மாட் தளங்களில் இருந்த கோப்புகளுக்குள்ளேயே புகுந்து வந்தது. மூல நிரல் திறந்திருக்கும் மாட்டைத் தேர்ந்தெடுங்கள். சந்தேகம் வந்தால் அதே ஐஎல்ஸ்பையில் திறந்து பாருங்கள். எடை கூட்டும் மாட்டுக்குள் இணையத் தொடர்புக்கான கிளாஸ்கள் இருந்தால், அவை ஏன் இருக்கின்றன என்று கேட்க வேண்டும்.

வெளியிடுதல்

தண்டர்ஸ்டோர் போன்ற மாட் களஞ்சியத்தில் வெளியிடுவதானால், ஜிப்பில் உங்கள் டிஎல்எல்லோடு 'மேனிஃபெஸ்ட்' என்ற ஜேசன் கோப்பு, 'ரீட்மீ' கோப்பு, 256க்கு 256 அளவுள்ள 'ஐகான்' என்ற பிஎன்ஜி படம் ஆகிய மூன்றும் இருக்க வேண்டும். பெப்இன்எக்ஸையோ ஹார்மனியையோ அதற்குள் திணிக்காதீர்கள். மேனிஃபெஸ்டில் சார்புப் பட்டியலில் பெப்இன்எக்ஸ் பொதியைக் குறிப்பிட்டால், ஆர்2மாட்மேன் போன்ற மேலாளர் மென்பொருள் அதைத் தானே கொண்டுவந்து சேர்க்கும். திணித்தால் ஒரே நூலகத்தின் இரண்டு பதிப்புகள் ஒரே விளையாட்டுக்குள் ஏறி, பிழை உங்கள் மாட்டில் அல்லாமல் முன்பின் தெரியாத வேறொருவரின் மாட்டில் வெடிக்கும். ரீட்மீயில் எந்தச் செயற்கூற்றைத் திருத்துகிறீர்கள், பின்னொட்டா முன்னொட்டா என்பதை ஒரு வரியில் எழுதிவிடுங்கள். அதே செயற்கூற்றைத் தொடும் இன்னொருவர், தன் மாட் ஏன் முரண்டு பிடிக்கிறது என்று இரவு முழுவதும் தேடிக்கொண்டிருக்கும்போது, முதலில் திறந்து பார்ப்பது அந்தக் கோப்பைத்தான்.